பாலியல் தொழில்: பணம் யாருக்கு, தண்டனை யாருக்கு?

பேசக் கூச்சமான விஷயம்தான். ஆனால் மாடிப் போர்ஷனை வாடகைக்கு விடும்போது, எதிர் பிளாட்டைப் பற்றிக் குடியிருப்போர் சங்கத்தில் புகார் வரும்போது, "மசாஜ் சென்டரில் ரெய்டு" என்று வாட்ஸ்அப்பில் படம் வரும்போது, இது உங்கள் வாசலுக்கே வந்துவிடுகிறது. அந்த நேரத்தில் பதறாமல் முடிவெடுக்க இரண்டு விஷயங்கள் தெரிந்திருக்க வேண்டும்: சட்டம் என்ன சொல்கிறது, இந்தத் தொழிலில் பணம் எப்படிக் கைமாறுகிறது. இரண்டையும் கேள்வி கேள்வியாகப் பார்ப்போம்.

ஒரு கோட்டை முதலிலேயே போட்டுவிடலாம். 18 வயது நிறையாத யாரையும் இதில் ஈடுபடுத்துவது கடுங்குற்றம். அங்கே சம்மதம் என்ற பேச்சே கிடையாது; போக்சோ சட்டம் பாயும். ஏமாற்றியோ மிரட்டியோ ஒருவரைக் கொண்டுவந்து தொழிலில் தள்ளுவது ஆள்கடத்தல். இனி வருவது எல்லாம், வயது வந்தவர்கள் பிழைப்புக்காகச் செய்யும் தொழிலைப் பற்றியது.

சரி, இந்தியாவில் இது சட்டவிரோதமா?

வயது வந்த ஒருவர் தனியாக, தன் விருப்பத்தில் இந்தத் தொழிலைச் செய்வதே குற்றம் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. ஆனால் 1956இல் இயற்றி, 1986இல் திருத்திய மத்தியச் சட்டம் ஒன்று இருக்கிறது. நாம் விபசாரத் தடுப்புச் சட்டம் என்று சொல்வது இதைத்தான். தொழிலைச் சுற்றியுள்ள காரியங்களை அது தண்டிக்கிறது. விபசார விடுதி நடத்துவது 3ஆம் பிரிவு. அடுத்தவர் இதில் சம்பாதித்த பணத்தில் வாழ்வது 4. ஆள் பிடித்துக் கொடுப்பது 5. அடைத்து வைப்பது 6. பொது இடங்களுக்கு அருகே தொழில் செய்வது 7. தெருவில் நின்று ஆள் அழைப்பது 8.

தொழில் குற்றமில்லை என்றால் அந்தப் பெண்கள் மேல் கேஸ் விழுவது எப்படி?

7ஆம் பிரிவைப் பாருங்கள். வழிபாட்டுத் தலம், கல்வி நிலையம், ஹாஸ்டல், மருத்துவமனை ஆகியவற்றிலிருந்து 200 மீட்டருக்குள் தொழில் நடந்தால் அந்தப் பெண்ணுக்கும் வந்தவருக்கும் மூன்று மாதம் வரை சிறை. இதை மயிலாப்பூரில் வைத்துப் பாருங்கள். கபாலீசுவரர் கோயில், மாதவப் பெருமாள் கோயில், சாந்தோம் பேராலயம், லஸ் தேவாலயம், ராமகிருஷ்ண மடம், நடுவே தெருவுக்குத் தெரு பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி. ஒவ்வொன்றையும் சுற்றி 200 மீட்டருக்கு வட்டம் போட்டால் பேட்டையில் மிஞ்சும் இடம் சொற்பம். ஏட்டில் குற்றமில்லாத ஒன்று இடத்தை வைத்தே குற்றமாகிவிடுகிறது.

அடுத்தது, விபசார விடுதி என்றால் என்ன என்ற விளக்கம். வேறொருவரின் லாபத்துக்காகவோ, இரண்டோ அதற்கு மேலோ பெண்களின் கூட்டு லாபத்துக்காகவோ பயன்படும் வீடு, அறை, வண்டி எதுவும் விடுதிதான். ஆகவே பயத்துக்குத் துணையாக இரண்டு பெண்கள் ஓர் அறையைப் பகிர்ந்துகொண்டாலே அது விடுதி. தனியாக இருந்தால் ஆபத்து. சேர்ந்து இருந்தால் குற்றம்.

4ஆம் பிரிவு 18 வயது கடந்த எவரையும் தொடும். தரகருக்கென்று எழுதிய பிரிவு அது. ஆனால் அந்தப் பெண் கல்லூரிக்குப் பணம் கட்டிப் படிக்கவைக்கும் மகனும், மருந்து வாங்கிக் கொடுக்கும் தாயாரும் அதன் வாசகத்துக்குள் வந்துவிட முடியும்.

தண்டனை எவ்வளவு?

தெருவில் ஆள் அழைத்ததற்கு முதல் முறை ஆறு மாதம் வரை சிறை. அதே குற்றத்தை ஓர் ஆண் செய்தால் ஏழு நாளிலிருந்து மூன்று மாதம். பெண்ணாக இருந்தால், 10ஏ பிரிவின்படி, சிறைக்குப் பதிலாக 'திருத்தும் நிலையம்' ஒன்றுக்கு அனுப்பலாம். அங்கே குறைந்தது இரண்டு வருடம், அதிகபட்சம் ஐந்து வருடம். ஆறு மாதக் குற்றத்துக்கு ஐந்து வருடம் வரை அடைத்து வைக்க வழி இருக்கிறது. அந்த வருடங்களில் அவர் குழந்தை யாரிடம் வளரும் என்பதற்கு அந்தப் பிரிவில் பதில் இல்லை.

பெண்கள் ஏன் இதற்கு வருகிறார்கள்?

"சுலபமாகப் பணம் கிடைக்கிறது" என்பது பலர் சொல்லும் பதில். 14 மாநிலங்களில் சுமார் 3,000 பெண்களிடம் நடத்தி 2011இல் வெளியான ஆய்வு ஒன்றை ரோகிணி சாஹ்னி, கல்யாண் சங்கர் என்ற புணே ஆய்வாளர்கள் செய்தார்கள். அதில் கணிசமான பெண்கள் முதலில் வேறு வேலை பார்த்தவர்கள்: வயல் கூலி, வீட்டு வேலை, கட்டட வேலை, சிறு வியாபாரம். அந்த வருமானம் போதாமலோ, கணவன் விட்டுப் போனதாலோ, கடன் கழுத்தை நெரித்ததாலோ இதற்கு வந்தார்கள். சிலர் இரண்டையும் சேர்த்தே செய்கிறார்கள்.

நம் ஊர் தண்டல் கடனை நினைத்துப் பாருங்கள். காலையில் கையெழுத்துப் போட்டு வாங்கிய பணத்துக்குச் சாயங்காலமே தவணை கட்ட வேண்டும். வீட்டு வேலைச் சம்பளம் மாதம் ஒரு முறைதான் வரும். அன்றன்றைக்குக் கையில் காசு வரும் வேலை எது என்று தேடுபவருக்குத் தெரிவு மிகக் குறைவு.

திருநங்கைகளுக்கு இந்தத் தெரிவு இன்னும் சுருங்கியது. வீடு துரத்துகிறது, பள்ளி பாதியில் நிற்கிறது, வேலை கேட்டால் கதவு சாத்தப்படுகிறது. தமிழ்நாடு 2008இலேயே திருநங்கையர் நல வாரியம் அமைத்தது. ஆனால் வாரிய அட்டையைக் கையில் வைத்திருப்பவருக்கும் வேலை கொடுக்க ஒரு முதலாளி முன்வர வேண்டும்.

மற்றக் கூலி வேலையைவிட இதில் அதிகம் கிடைக்கிறதே, அது ஏன்?

படிப்போ பயிற்சியோ கேட்காத வேலைக்கு ஏன் கூடுதல் பணம் என்று பொருளியலாளர்களும் யோசித்திருக்கிறார்கள். லேனா எட்லண்ட், எவலின் கோர்ன் இருவரும் 2002இல் ஒரு விளக்கம் தந்தார்கள். இந்தத் தொழிலுக்கு வரும் பெண் நல்ல திருமண வாய்ப்பை இழக்கிறார். அந்த இழப்பும் விலையில் சேர்கிறது என்றார்கள். மணமான பெண்கள் பலர் இதில் இருக்கிறார்களே என்று உடனே எதிர்க்கேள்வி வந்தது. அது நியாயமான கேள்வி. ஆனால் அவமானம், போலீஸ் பயம், நோய், அடி உதை ஆகியவற்றுக்கும் சேர்த்தே ஒரு விலை கொடுக்கப்படுகிறது என்பதில் ஐயம் இல்லை.

கவனிக்க வேண்டியது இதுதான்: கொடுக்கப்படும் விலை வேறு, அவர் கையில் நிற்கும் பணம் வேறு. புரோக்கருக்கு ஒரு பங்கு, லாட்ஜ் அறைக்கு ஒரு பங்கு, மாமூலுக்கு ஒரு பங்கு, தண்டல்காரருக்கு ஒரு பங்கு. கேஸ் விழுந்தால் ஜாமீனுக்கு மறுபடி கடன். இன்னொன்றும் உண்டு. மற்ற வேலைகளில் அனுபவம் ஏற ஏறக் கூலி ஏறும். இதில் வயது ஏற ஏற வருமானம் இறங்கும். இளமையில் சேமிக்க முடியாதவருக்கு நாற்பதுக்கு மேல் ஒன்றும் இருக்காது.

சென்னையில் இது எப்படி நடக்கிறது?

மும்பையின் காமாத்திபுரா போல, கொல்கத்தாவின் சோனாகாச்சி போலச் சென்னையில் தனிப் பகுதி கிடையாது. தெரு, லாட்ஜ், வாடகை வீடு, செல்போன் என்று சிதறிக் கிடக்கிறது. ஒரு பேட்டையில் குடியிருந்து, இன்னொரு பேட்டையில் தொழில் செய்வார்கள். வீட்டில் "எக்ஸ்போர்ட் கம்பெனி வேலை" என்று சொல்லியிருப்பார்கள். இந்த மறைவு குடும்பத்தைக் காப்பாற்றுகிறது. அதே மறைவு அவரைத் தனியாளாக்குகிறது. யாராவது அடித்தாலும் பணம் தராமல் போனாலும் "எங்கே, எதற்குப் போனாய்?" என்ற முதல் கேள்விக்கு அவரால் பதில் சொல்ல முடியாது. இது வாடிக்கையாளருக்கும் புரோக்கருக்கும் நன்றாகத் தெரியும். பேரத்தில் அவர்கள் கை ஓங்குவது இதனால்தான்.

பேரத்துக்கும் உயிருக்கும் என்ன சம்பந்தம்?

நேரடிச் சம்பந்தம். விஜயேந்திர ராவ் முதலிய பொருளியலாளர்கள் சோனாகாச்சியில் செய்து 2003இல் வெளியிட்ட ஆய்வில், ஆணுறையைக் கட்டாயமாக்கிய பெண்களின் வருமானம் மூன்றில் இரண்டு பங்குக்கும் மேல் குறைந்திருந்தது. ஆணுறை வேண்டாம் என்பவர் அதிகம் கொடுக்கிறார். ஒருத்தி மறுத்தால் அடுத்தவரிடம் போகிறார். அந்தப் பெண்கள் சம்மதிப்பது ஆபத்து தெரியாததால் அல்ல. வாடகை கட்ட வேண்டிய நாளில் அந்தப் பணத்தை விட முடியாமல் சம்மதிக்கிறார்கள்.

இதற்கு வழி தனி ஆளிடம் இல்லை. எல்லோரும் சேர்ந்து மறுத்தால் வாடிக்கையாளர் போக வேறு இடம் இருக்காது. மருத்துவர் ஸ்மரஜித் ஜனா 1992இல் சோனாகாச்சியில் தொடங்கிய சுகாதாரத் திட்டம் அந்த வழியில் போனது. 1995இல் அந்தப் பெண்களே துர்பார் என்ற அமைப்பையும், உஷா என்ற கூட்டுறவுச் சங்கத்தையும் தொடங்கினார்கள். சொந்தச் சேமிப்பும் குறைந்த வட்டிக் கடனும் கிடைத்தவருக்கு, வாடிக்கையாளரிடம் "முடியாது" என்று சொல்லத் தெம்பு வந்தது.

மயிலாப்பூருக்கும் இந்தக் கதைக்கும் தொடர்பு உண்டா?

உண்டு. விபசாரத் தடுப்புச் சட்டத்தில் பிடிபடும் பெண்களை வைக்கும் அரசு விஜிலன்ஸ் ஹோம் (பிடிபட்ட பெண்களுக்கான காப்பகம்) மயிலாப்பூரில் இருக்கிறது. இந்தியாவில் எச்.ஐ.வி. முதன்முதலில் தெரியவந்ததும் சென்னையில் இப்படி அடைபட்ட பெண்களின் ரத்தத்தில்தான்.

சென்னை மருத்துவக் கல்லூரியில் அப்போது நுண்ணுயிரியல் பேராசிரியராக இருந்தவர் சுனிதி சாலமன். அவரது மாணவி செல்லப்பன் நிர்மலா. இங்கே தனிப் பகுதி இல்லாததால் எச்.ஐ.வி. ஆய்வுக்குப் பாலியல் தொழில் செய்யும் பெண்களை எங்கே தேடுவது என்று தெரியாத நிர்மலா, அரசு பொது மருத்துவமனையில் விசாரித்து, விஜிலன்ஸ் ஹோமுக்குப் போகத் தொடங்கினார். ஜாமீன் எடுக்கப் பணமில்லாத பெண்கள் அங்கே இருந்தார்கள். மூன்று மாதத்தில் 80 பேரின் ரத்த மாதிரி சேர்ந்தது. பாதுகாக்க வசதி இல்லாமல் இரவில் தம் வீட்டுக் குளிர்ப்பெட்டியிலேயே வைத்தார். 1986 பிப்ரவரியில் வேலூர் சி.எம்.சி.யில் சோதித்தபோது ஆறு மாதிரிகள் மஞ்சள் நிறமாகி, எச்.ஐ.வி. இருப்பதைக் காட்டின. மறுபடி ரத்தம் எடுத்து அமெரிக்காவுக்கு அனுப்பி உறுதி செய்தார்கள். நாட்டின் எய்ட்ஸ் தடுப்பு வேலைக்கு அதுதான் தொடக்கம்.

அந்தப் பெண்களுக்கு என்ன கிடைத்தது? எதற்காக ரத்தம் எடுக்கிறார்கள் என்பதுகூட அவர்களுக்குச் சொல்லப்படவில்லை. பின்னால், தண்டனைக் காலம் முடிந்த பெண்களையும் எச்.ஐ.வி. இருக்கிறது என்ற ஒரே காரணத்துக்காக வெளியே விடாமல் வைத்திருந்தார்கள். பத்திரிகையாளர் ஷ்யாமளா நடராஜ் சென்னை உயர் நீதிமன்றத்தில் பொதுநல வழக்குத் தொடுத்த பிறகே அவர்களுக்கு விடுதலை கிடைத்தது.

இன்று அப்படிச் செய்ய முடியாது. 2017இல் இயற்றிய எச்.ஐ.வி., எய்ட்ஸ் சட்டப்படி, சம்மதம் இல்லாமல் சோதிக்கக் கூடாது, முடிவை வெளியே சொல்லக் கூடாது, எச்.ஐ.வி. இருப்பதால் வாடகைக்கு வீடு மறுக்கவும் கூடாது.

அந்தக் காலத் தேவதாசி முறையும் இதுவும் ஒன்றா?

மயிலாப்பூரில் இந்தக் கேள்வி கட்டாயம் வரும். ஒன்றல்ல. கோயில் பணி, கலை, மானிய நிலம், பெண் வழிச் சொத்து எல்லாம் சேர்ந்த ஏற்பாடு அது. அதற்குள் சுரண்டலும் இருந்தது. முத்துலட்சுமி ரெட்டி அதை ஒழிக்கப் போராடினார். தேவதாசி மரபில் வந்த பெங்களூர் நாகரத்தினம்மாள் தம் மக்களின் சொத்தும் கலையும் பறிபோகும் என்று எதிர்த்தார். 1947இல் பொட்டுக் கட்டுவது (பெண்களைக் கோயிலுக்கு அர்ப்பணிக்கும் சடங்கு) சட்டப்படி தடையானது. கபாலீசுவரர் கோயிலில் ஆடிய மயிலாப்பூர் கௌரி அம்மாள் போன்ற பெரும் கலைஞருக்குக்கூடக் கோயிலின் ஆதரவு இல்லாமல் போயிற்று.

இதில் இன்றைக்கும் உதவும் பாடம் ஒன்று உண்டு. முத்துலட்சுமி ரெட்டி சட்டத்தோடு நிற்கவில்லை. அந்தக் குடும்பங்களிலிருந்து வந்த சிறுமிகளுக்காக 1930இல் அவ்வை இல்லத்தைத் தொடங்கினார். இன்றும் அடையாறில் அது நடக்கிறது. ஒரு பிழைப்பை மூடச் சொல்பவர் இருக்க இடமும் படிப்பும் சேர்த்துத் தர வேண்டும் என்று அவர் புரிந்திருந்தார்.

2022இல் உச்ச நீதிமன்றம் இதைத் தொழிலாக அங்கீகரித்துவிட்டதாமே?

அப்படிச் செய்தி பரவியது. உண்மை கொஞ்சம் வேறு. புத்ததேவ் கர்மாஸ்கர் வழக்கில் 2022 மே 19 அன்று நீதிபதி எல். நாகேஸ்வர ராவ் தலைமையிலான அமர்வு, அரசியல் சட்டத்தின் 21ஆம் பிரிவு தரும் கண்ணியமான வாழ்வு இந்தப் பெண்களுக்கும் உண்டு என்றது. நீதிமன்றம் அமைத்த நிபுணர் குழுவின் பரிந்துரைகளில் பலவற்றை உடனே நடைமுறைப்படுத்தச் சொன்னது. வயது வந்தவர் விரும்பிச் செய்தால் போலீஸ் தலையிடக் கூடாது, ரெய்டில் அந்தப் பெண்களைக் கைது செய்யக் கூடாது என்ற பரிந்துரைகளுக்கு மத்திய அரசு தயக்கம் தெரிவித்தது. அவை உடனடிக் கட்டளைகளில் சேரவில்லை. ஆகவே ரெய்டுகள் நிற்கவில்லை.

கட்டளையாக வந்தவை என்ன? பாலியல் வன்முறைக்கு ஆளான பாலியல் தொழிலாளிக்கு மற்ற எந்தப் பெண்ணுக்கும் கிடைக்கும் மருத்துவ உதவி உடனே தர வேண்டும். காப்பகங்களில் விருப்பமில்லாமல் இருக்கும் வயது வந்த பெண்களைக் கணக்கெடுத்து விடுவிக்க வேண்டும். ஆணுறை வைத்திருப்பதைக் குற்றத்துக்குச் சாட்சியாகக் காட்டக் கூடாது. ரெய்டு செய்தியில் அவர்கள் முகமோ அடையாளமோ வரக் கூடாது. போலீசார் வாய்ச்சொல்லாலும் கையாலும் துன்புறுத்தக் கூடாது.

இன்னொன்று, ஆதார். முகவரிச் சான்று இல்லாதவருக்கும், மாநில எய்ட்ஸ் கட்டுப்பாட்டுச் சங்கத்தின் திட்ட இயக்குநர் போன்ற அதிகாரி தரும் சான்றிதழை வைத்து ஆதார் வழங்க வேண்டும். அதில் தொழிலைக் காட்டும் எந்தக் குறியும் இருக்கக் கூடாது. சின்ன விஷயமாகத் தோன்றலாம். ஆதார் இருந்தால் வங்கிக் கணக்கு. வங்கிக் கணக்கு இருந்தால் சேமிப்பு. சேமிப்பு இருந்தால் தண்டல்காரரிடம் போகத் தேவையில்லை.

வீடு வாடகைக்கு விடுபவர் என்ன கவனிக்க வேண்டும்?

விடுதி நடப்பது தெரிந்தே வீடு கொடுத்தால் முதல் முறை இரண்டு வருடம் வரை சிறை. மேலே சொன்ன 200 மீட்டருக்குள் இருக்கும் வீடானால் மாஜிஸ்திரேட் நோட்டீஸ் கொடுத்து, விளக்கம் கேட்டு, வீட்டைக் காலி செய்ய உத்தரவிடலாம். ஆகவே ஒப்பந்தம் எழுத்தில் இருக்கட்டும். குடியிருப்பவரின் அடையாள அட்டை நகலை வாங்கி வையுங்கள். இது எல்லா வாடகைதாரருக்கும் பொது.

ஆனால் தனியாக வாழும் பெண், இரவு வேலைக்குப் போகும் பெண், திருநங்கை என்பதற்காகச் சந்தேகப்பட்டு வீடு மறுக்காதீர்கள். "தெரிந்தே" என்பதுதான் சட்டத்தின் சொல். வதந்தியை வைத்து உங்களைக் குற்றவாளியாக்க முடியாது. நல்ல தெருவில் நியாயமான வாடகைக்கு வீடு கிடைக்காதவர், இரட்டை வாடகை கேட்கும் புரோக்கரிடம்தான் போய் நிற்பார்.

அக்கம்பக்கத்தில் சந்தேகம் வந்தால்?

இரண்டே கேள்விகள் கேட்டுக்கொள்ளுங்கள். அங்கே 18 வயதுக்குக் கீழ் யாராவது இருக்கிறார்களா? யாரையாவது அடைத்தோ அடித்தோ வைத்திருக்கிறார்களா? இவற்றில் ஒன்றுக்கு ஆம் என்று தோன்றினாலும் தயங்காமல் 112க்கு, குழந்தை என்றால் 1098க்குக் கூப்பிடுங்கள். இரண்டும் இல்லையென்றால் கும்பலாகப் போய்க் கதவைத் தட்டுவது, படம் எடுப்பது, ஊரறியச் செய்வது எல்லாம் உங்களையே வழக்கில் மாட்டிவிடும். சத்தம், தொந்தரவு என்றால் அதை மட்டும் புகாராக எழுதிக் கொடுங்கள்.

ரெய்டில் பெண்களுக்கு என்ன உரிமை?

சோதனைக்கு வரும் குழுவில் குறைந்தது இரண்டு பெண் போலீசார் இருக்க வேண்டும். சாட்சிகளில் ஒருவராவது பெண்ணாக இருக்க வேண்டும். பெண்களைப் பெண் போலீஸ் அதிகாரிதான் விசாரிக்க வேண்டும். அவர் இல்லாவிட்டால் தொண்டு நிறுவனப் பெண் ஒருவர் உடன் இருக்க வேண்டும். வழக்கறிஞர் வைக்கப் பணம் இல்லையே என்றால், எந்தப் பெண்ணுக்கும் வருமானம் பார்க்காமல் இலவசச் சட்ட உதவி உண்டு. 1987ஆம் வருடச் சட்டம் தரும் உரிமை அது.

வேறு நாடுகள் என்ன செய்கின்றன?

ஸ்வீடன் 1999 முதல் பணம் கொடுப்பவரை மட்டும் தண்டிக்கிறது, பெண்ணைத் தண்டிப்பதில்லை. நியூசிலாந்து 2003இல் குற்றப் பட்டியலிலிருந்தே நீக்கி, மற்றத் தொழில்களைப் போல வேலையிடப் பாதுகாப்பு விதிகளைக் கொண்டுவந்தது. எது மேல் என்று பெண்ணுரிமைக்காக உழைப்பவர்களே இரு பக்கமும் நின்று வாதிடுகிறார்கள். ஆனால் பணம் வாங்கும் பெண்ணைத் தண்டிக்கக் கூடாது என்பதில் இரு பக்கமும் ஒன்றுபடுகிறார்கள். 7, 8ஆம் பிரிவுகளின் கீழ் இங்கே அவரும் தண்டிக்கப்படுகிறார்.

அப்படியானால் முடிவாக என்ன சொல்லலாம்?

இந்தச் சந்தையில் அந்தப் பெண்ணின் பேரம் பேசும் பலம் எங்கெல்லாம் குறைகிறதோ, அங்கெல்லாம் வன்முறையும் நோயும் கடனும் ஏறுகின்றன. கேஸ் பயம், வீடு கிடைக்காமை, அடையாள அட்டை இல்லாமை, தனிமை ஒவ்வொன்றும் அவர் கையிலிருந்து பணத்தை எடுத்து இடைத்தரகர் கையில் கொடுக்கிறது. இந்தத் தொழிலே இருக்கக் கூடாது என்று நினைப்பவரும், இருந்தால் பாதுகாப்பாக இருக்கட்டும் என்று நினைப்பவரும் சேர்ந்து செய்யக்கூடிய வேலை ஒன்று உண்டு. வெளியேற நினைப்பவருக்கு வழியும், இருப்பவருக்குப் பாதுகாப்பும் கிடைக்கச் செய்வதுதான் அது. இரண்டுக்கும் தேவைப்படுபவை ஒன்றே: வீடு, வங்கிக் கணக்கு, குழந்தைக்குப் பள்ளி, மிரட்டாத காவல் நிலையம்.

உங்கள் வீட்டு வேலைக்கு வருபவரோ, தூரத்து உறவோ, தெரிந்தவரோ இதில் சிக்கித் தவிப்பதாகத் தெரிந்தால், அறிவுரையை ஒத்திவைத்துவிட்டு இந்த எண்களைக் கொடுங்கள்: பெண்கள் உதவிக்கு 181, இலவசச் சட்ட உதவிக்கு 15100, எச்.ஐ.வி. பற்றிய சந்தேகங்களுக்கு 1097. அவர் கேட்டால் கூடவே போங்கள். காவல் நிலையத்திலும் ஆஸ்பத்திரியிலும் துணையோடு வரும் பெண்ணை நடத்தும் விதமே வேறு.